பேர் வெட்டிய பாலாடை

ஜூன் 11

கட்டிலின் கால்மாட்டில் இன்று இன்னொரு செங்கல் வைத்துவிட்டார்கள். தலை தாழ்ந்தும் கால் உயர்ந்தும் கிடக்கிறேன். கருப்பை வாயில் தையல் போட்டாயிற்று, இனி பிள்ளை வெளியே வரும்வரை படுத்தேதான் இருக்க வேண்டும் என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார். கக்கூஸுக்கு மட்டும் எழுந்து போகலாம். ஏழாம் வகுப்பை ஒரு பார்வையில் அடக்கும் ஆவுடைநாயகி டீச்சருக்கு இப்போது அடக்க ஒரு மின்விசிறியும் ஒரு பல்லியும்தான் இருக்கின்றன.

இந்த டைரி அவர் கொடுத்தது. என் வீட்டுக்காரர் செண்பகராமன், தென்காசியில் எரிந்துபோன மோட்டாருக்குப் புதிதாகக் கம்பிக் காயில் கட்டும் கடை வைத்திருக்கிறார். செம்புக்கம்பி கம்பெனிக்காரன் இனாமாகத் தந்த டைரி. பக்கத்துக்குப் பக்கம் கீழே ஒரு கம்பிச்சுருள் படம். "சும்மா கெடந்தா மனசு எங்கெங்கயோ போகும். எதாவது எழுதிட்டுக் கெட" என்றார். எங்கே போகும் என்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

ஜன்னலில் தெரிவது எதிர்வீட்டுத் தண்ணீர்த் தொட்டியும் அதற்கு மேல் கொஞ்சம் வானமும். சுவரில் என் அம்மா படம். சாரல் தொடங்கிவிட்டது. ஊரே குற்றாலத்துக்குக் குளிக்கப் போகிறது. எனக்கு ஈரத்துண்டால் துடைத்துவிடுகிறார்கள்.

ஜூன் 13

படுத்துக்கொண்டே ரசம் சாதம் சாப்பிட எனக்கு வரவில்லை. தலையணைக்குத்தான் பாதி போனது.

ஜூன் 17

அப்பா வந்திருந்தார். அம்மா போனபிறகு திருநெல்வேலி டவுணில் தனியாக இருக்கிறார், அவரே பொங்கி அவரே சாப்பிடுகிறார். ஞாயிறு தவறாமல் பஸ் ஏறி ஒரு சீப்பு கோழிக்கூடு பழத்தோடு வந்துவிடுவார். படுத்தே கிடப்பவளுக்கு மலச்சிக்கல் வரும் என்று யாரோ அவருக்குச் சொல்லியிருக்கிறார்கள். அந்த யாரோ நன்றாக இருக்கட்டும்.

அத்தை அவருக்குக் காப்பி கொடுத்துவிட்டு அங்கேயே நின்றாள். என் மாமியார் சும்மா நிற்கிறவள் இல்லை. நின்றால் விஷயம் இருக்கிறது என்று அர்த்தம்.

"அண்ணாச்சி, ஒண்ணு சொல்லணும்னு இருந்தேன். பையன் பொறந்தா இவ மாமனாரு பேரு, அதுல பேச்சே இல்ல. பொண்ணு பொறந்தா மொறப்படி எம்பேரத்தான் விடணும். எனக்கு அது வேண்டாம். உங்க வீட்டம்மா பேர விட்டுருவோம். வடிவு. பேரன் பேத்தி பாக்காமப் போயிட்டாவ, பாவம்."

எங்கள் பக்கம் தலைப்பெண்ணுக்கு அப்பாவைப் பெற்றவள் பேர்தான். அந்த உரிமையைத் தானாக விட்டுக்கொடுத்த மாமியாரை நான் கேள்விப்பட்டதே இல்லை. என் பெரியம்மா மகள் வீட்டில் இதற்காகவே இரண்டு சம்பந்திகளும் வருஷக்கணக்கில் முகம் கொடுத்துப் பேசவில்லை.

அப்பா தம்ளரைக் கீழே வைத்துவிட்டுத் துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். அம்மா இறந்த அன்றுகூட அவர் அப்படி அழவில்லை. பிறகு எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். எனக்கும் கண்ணீர் வந்துவிட்டது. தலை தாழ்ந்து கிடப்பதால் அது கன்னத்துக்கு வராமல் நேரே காதுக்குள் போனது.

"சந்தோசத்துல அழுதா" என்றாள் அத்தை.

என் வீட்டுக்காரர் மட்டும் சட்டென்று எழுந்தார். "கடையில ஒரு மோட்டார் அவசரமாக் கெடக்கு" என்று செருப்பை மாட்டிக்கொண்டு போனார். ஞாயிற்றுக்கிழமை அவருக்குக் கடை கிடையாது.

ஜூன் 20

அந்தப் பேர் வேண்டாம். ஏன் என்று எழுதமாட்டேன். வேண்டாம், அவ்வளவுதான்.

ஜூன் 27

இன்று அத்தை கால் பிடித்துவிடும்போது மெல்ல ஆரம்பித்தேன். "உங்க பேரையே விடுவோமே அத்தை. அதான முறை."

"ஏளா, மாமியா பேரச் சொல்லி மகளக் கூப்பிட ஒனக்கு வாய் வருமா?"

வராதுதான். மருமகள் மாமியார் பேரைச் சொல்லக் கூடாது. எங்கள் தெருவில் ஒருத்தி தன் மகளைக் காலேஜ் முடிக்கும்வரை 'அம்மாப்பொண்ணு' என்றே கூப்பிட்டாள். இந்த டைரியில்கூட அத்தை பேரை எழுத எனக்குக் கை வரவில்லை.

"அப்பம் புதுசா எதாவது பாக்கலாம்" என்று போனில் பார்த்து வைத்ததை வாசித்தேன். தன்விகா, ரித்னிகா, நிவாஷினி.

"மருந்துக் கடையில கேக்குற பேரு மாரி இருக்கு" என்றாள். எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. வயிறு குலுங்கக் கூடாது என்பதால் பல்லைக் கடித்துச் சிரித்தேன். சிரித்தாலும் வேறு பேருக்கு வழி அடைபட்டது அடைபட்டதுதான்.

ஜூலை 8

ஆண்பிள்ளையாகப் பிறந்துவிடு. வயிற்றைத் தடவித் தடவி இதைத்தான் சொல்கிறேன். மாமனார் பேர் குற்றாலலிங்கம். பள்ளிக்கூடத்தில் கேலி செய்வார்கள், நான் பார்த்துக்கொள்கிறேன். குற்றாலலிங்கமாகவே வந்து சேர்.

அப்பா வந்தார், பழம் வந்தது. "வடிவு என்ன சொல்லுதா?" என்று என் வயிற்றைப் பார்த்துக் கேட்டார். பிறக்கும் முன்னே பேர் சொல்லிக் கூப்பிடக் கூடாது என்று அத்தை அவரை அதட்டினாள். நான் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டேன். இந்தக் கட்டிலில் இருந்து போகக்கூடிய தூரம் அவ்வளவுதான்.

ஜூலை 15

உதைக்கிறது. இது வலப்பக்கம் உதைக்கிறது. வடிவு இடப்பக்கம்தான் உதைப்பாள்.

எழுதியிருக்கக் கூடாது. எழுதிவிட்டேன்.

ஜூலை 16

ஒருமுறை எழுதியதை மறைத்து என்ன ஆகப் போகிறது? நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கம்பிச்சுருளாவது கேட்கட்டும்.

போன தடவை ஏழாம் மாதம். வளைகாப்பு வளையல் கையில் கிடந்தபோதே வலி வந்து, பெண்பிள்ளை, சத்தம் இல்லாமல் பிறந்தது. அதற்கு ரொம்ப நாள் முன்பே நான் அவளுக்குப் பேர் விட்டுவிட்டேன். யாரிடமும் கேட்கவில்லை. பெண்தான் என்று எனக்கு எப்படியோ தெரிந்தது, அம்மா பேர் அவளுக்கு என்றும் தெரிந்தது. பாத்திரம் தேய்க்கும்போது, பரீட்சைத் தாள் திருத்தும்போதெல்லாம் 'ஏட்டி வடிவு, சும்மா இரு' என்று பேசுவேன். கூப்பிட்டால் இடப்பக்கம் ஒரு உதை வரும்.

ஆஸ்பத்திரியில் நான் முகம் பார்க்கக் கேட்டேன். அத்தை குறுக்கே நின்றாள். "பாக்காத. பாத்தா மறக்க முடியாது" என்றாள். அவரும் பங்காளி முறைச் சித்தப்பா ஒருவரும் துணியில் சுற்றி எடுத்துப் போனார்கள். வீட்டுக்கு வந்தபோது தொட்டில் பரணில் ஏறியிருந்தது. பேர் விடாத பிள்ளைக்குக் காரியம் கிடையாது, நாள் கிடையாது, உட்கார்ந்து அழக்கூட இடம் கிடையாது. அன்றிலிருந்து இந்த வீட்டில் அவள் 'போன தடவை'. "போன தடவை மாரி ஆயிரக் கூடாது" என்பார்கள். அவ்வளவுதான் அவள்.

அவளுக்கு ஒரு சட்டை கிடையாது, ஒரு போட்டோ கிடையாது. அவளிடம் இருப்பது அந்தப் பேர் ஒன்றுதான். அதைப் பிடுங்கி இன்னொருத்திக்குக் கொடுக்கச் சொல்கிறார்கள், அதுவும் அன்பாக, விட்டுக்கொடுத்து, கண்ணீரோடு. கெட்ட எண்ணத்தில் கேட்டிருந்தால் சண்டையாவது போடலாம்.

ஆகஸ்ட் 5

பெரிய வம்பு. அத்தைக்கு என் வேண்டுதல் காதில் விழுந்துவிட்டது. வீட்டுக்கு வந்த அப்பாவிடம் பொரிந்து தள்ளினாள்.

"படிச்சுப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்குதவ, ஆம்பளப் பிள்ள வேணும்னு ராவும் பகலும் வேண்டிக்கிட்டுக் கெடக்கா. நானே பொட்டப்பிள்ள பொறக்கணும்னு இருக்கேன்!"

அப்பா என் பக்கத்தில் உட்கார்ந்தார். கோபப்படவில்லை. பழத்தை உரித்து நாரை ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டே கேட்டார்.

"ஏம்மா, பொண்ணு வேண்டாமா ஒனக்கு? அம்மா பேரு வாரது பிடிக்கலையா?"

வாய் வரை வந்தது. அத்தை வாசலில் நின்றாள். வயிற்றில் பிள்ளை இருக்கும்போது செத்த பிள்ளையைப் பேர் சொல்லி நினைத்தால், அது தங்கச்சியைத் தேடிக்கொண்டு வரும் என்று நம்புகிறவள் அவள். நான் இதைச் சொன்னால் அவளுக்கு இனிச் சோறு இறங்காது. எனக்கும் அந்தப் பயம் கொஞ்சம் ஒட்டிவிட்டது என்பதுதான் உண்மை.

"பிடிக்கும்பா" என்றேன். பழத்தைத் தின்றேன்.

ஆகஸ்ட் 19

அவரிடம் கேட்டுப் பார்த்தேன். "ஏங்க, அந்தப் பேரப் பத்தி நீங்க என்ன நினைக்கிய?"

சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டே இருந்தார். "ஒனக்குச் சரின்னா எனக்கும் சரி. ஒங்கம்மா பேருதான" என்று சொல்லிவிட்டுக் கடைக்குப் போய்விட்டார். யாராவது அந்தப் பேரை எடுத்தாலே இவருக்கு ஒரு மோட்டார் எரிந்துவிடுகிறது. பேர் என்றால் இவருக்கு எல்லாம் ஒன்றுதான் போல. கல்லோடு குடித்தனம் செய்கிறேன்.

ஆகஸ்ட் 28

போன தடவை வலி வந்தது இதே வாரக் கணக்கில்தான்.

அத்தை காலையில் இருந்து மூன்று தரம் வந்து என் நெற்றியைத் தொட்டுப் பார்த்துவிட்டுப் போனாள். அவர் மத்தியானம் கடையை அடைத்துவிட்டு வந்து, கட்டிலுக்குக் கீழே வெறும் தரையில் படுத்துக் கிடந்தார். முதுகு வலி என்றார்.

செப்டம்பர் 2

அது கடந்துவிட்டது. இந்தப் பிள்ளை வலப்பக்கம் உதைத்துக்கொண்டே இருக்கிறது, திமிர் பிடித்தது. எனக்கு இதன் மேல் ஆசை வந்துவிட்டது. அதுவும் பயமாக இருக்கிறது.

செப்டம்பர் 23

அம்மாவின் வெள்ளிக் குங்குமச் சிமிழை அப்பா கொண்டுவந்து காட்டினார். பிள்ளை பிறந்ததும் அதை உருக்கி, பால் புகட்டுகிற பாலாடை செய்யப் போகிறாராம். "பேர் வெட்டித்தான் கொண்டுவருவேன்" என்றார். அம்மா கல்யாணத்துக்கு வந்த குத்துப்போணி முதல் கரண்டி வரை எங்கள் வீட்டில் பேர் வெட்டாத பாத்திரமே கிடையாது. அப்பாவுக்கு ஒன்றில் பேர் வெட்டினால்தான் அது நம்முடையது.

குற்றாலலிங்கம், காப்பாற்று.

அக்டோபர் 24

பெண். வயிற்றைக் கிழித்துத்தான் எடுத்தார்கள். அழுதது. என்ன அழுகை! அந்தச் சத்தத்தைக் கேட்டு நானும் சேர்ந்து அழுதேன். குற்றாலலிங்கம் என்னைக் கைவிட்டுவிட்டார், எனக்கு அவர்மேல் துளியும் வருத்தம் இல்லை.

அக்டோபர் 27

எல்லோருக்கும் அவள் வடிவு ஆகிவிட்டாள். நர்ஸ் பெண்கூட "வடிவுக்குப் பசிக்குது" என்று கொண்டுவருகிறாள். நான் பாப்பா என்கிறேன். அவள் தூங்கும்போது முகத்தைப் பார்த்துக்கொண்டே ஒருமுறை அந்தப் பேரைச் சொல்லிப் பார்த்தேன். யாரையோ கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளியது போல் இருந்தது. இனிச் சொல்லமாட்டேன்.

நவம்பர் 4

பாலாடை வந்துவிட்டது. பளபளவென்று, உள்ளங்கை அளவு. ஓரத்தில் 'வடிவு' என்று வெட்டியிருக்கிறது. எழுத்து அழகாகவே இருக்கிறது.

பதினாறாம் நாள் பேர் விடுவதற்கு முன்னால் ஒரு வாய் இதில் கொடுத்துப் பார்ப்போம் என்று அத்தை பாலை ஊற்றிப் பிள்ளை வாய்க்குக் கொண்டுபோனாள். "வேண்டாம்!" என்று கத்திவிட்டேன். கையைத் தட்டியதில் பால் முழுக்க அப்பா வேட்டியில் கொட்டியது.

அப்பா வேட்டியைத் துடைத்துக்கொண்டார். "பச்ச ஒடம்புக்காரி, கோவம் வரத்தான் செய்யும்" என்று எனக்காக அவரே சமாதானம் சொல்லிவிட்டுச் சாப்பிடாமல் பஸ்ஸுக்குப் போனார். அவர் முதுகைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். கட்டிலில் இருந்து செங்கலை எடுத்தாயிற்று. நான் மட்டும் இன்னும் அப்படியேதான் கிடக்கிறேன்.

நவம்பர் 5

இதை இன்றே எழுதிவிட வேண்டும்.

காலையில் பிள்ளையைக் குளிப்பாட்டிச் சாம்பிராணி காட்டி தன் மகன் மடியில் போட்டுவிட்டு அத்தை மார்க்கெட்டுக்குப் போனாள். அவர் பிள்ளையைப் பார்த்துக்கொண்டே, என்னைப் பார்க்காமல், "இவளுக்கு அந்தப் பேரு வேண்டாம் ஆவுடை" என்றார்.

"ஏன்?"

"போன தடவை நான்தான கொண்டுபோனேன். குழி வெட்டுனவரு, பேரச் சொல்லி மண்ணப் போடுங்கன்னாரு. பேரு விடலையேன்னு பக்கத்துல நின்ன சித்தப்பா சொன்னாவ. நான் சொன்னேன்." பிள்ளையின் துணியை இழுத்துச் சரிசெய்தார். "நீ அடுக்களையில நின்னு பேசுவல்லா. ஏட்டி வடிவுன்னு. நான் கேட்டுக்கிட்டேதான் இருப்பேன். வடிவுன்னு சொல்லித்தான் மண்ணப் போட்டேன்."

"ஏன் எங்கிட்டச் சொல்லல?"

"நீ சொல்லுவன்னு இருந்தேன். எங்கம்மா அந்தப் பேர எடுத்தப்ப நீ அழுத. அந்தப் பேரு திரும்பி வாரதுல ஒனக்குச் சந்தோசம்னு நினச்சேன். அதுக்கு நான் எப்படிக் குறுக்க நிக்க? என்னால கேக்கவும் முடியல. அதான் கடைக்குப் போயிருவேன்."

கல் என்று எழுதியிருந்தேன். அந்தப் பக்கத்தைக் கிழிக்கமாட்டேன், என் புத்திக்கு அது இருக்கட்டும். நாங்கள் இரண்டு பேரும் பிள்ளையை நடுவில் வைத்துக்கொண்டு, கேட்பதற்கு யாரும் இல்லாத வீட்டில், சத்தமாக அழுதோம். பாப்பா அசராமல் தூங்கினாள்.

நவம்பர் 6

அத்தையிடம் அவர்தான் சொன்னார். நான் பக்கத்தில் நின்றேன். பேயறைந்த மாதிரி ஆகிவிடுவாள், தாயத்து மந்திரம் என்று கிளம்புவாள் என்று பயந்தேன். அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தவள், கையை நிறுத்தவே இல்லை.

"ஒங்க ரெண்டு பேருக்கும்தான் தெரியும்னு நினச்சியளோ?" என்றாள். "குளிப்பாட்டிக் கொடுத்தது நான்லா. மூக்கும் நாடியும் அச்சு அசலா அந்தப் படத்துல இருக்க ஒங்கம்மா. எங்கைக்குள்ள அப்படியே கெடந்தா. ஒன்னயப் பாக்க விடாம அடிச்சது நான்தான். அதுல இருந்து எனக்கு அந்தப் படத்தப் பாக்க முடியல. அதான், எம்பேர விட்டுக்கொடுத்து அந்தப் பேர விட்டாலாவது..."

கீரைத் தண்டை எல்லாம் இலையோடு போட்டு, இலையைத் தண்டோடு போட்டு வைத்திருந்தாள்.

நான் பக்கத்தில் உட்கார்ந்து, "மூக்கு எப்படி அத்தை இருந்துச்சு? சொல்லுங்க" என்றேன். அவள் சொன்னாள். முடி எவ்வளவு இருந்தது, காது எப்படி மடிந்திருந்தது, விரல் எவ்வளவு நீளம் என்று எல்லாம் சொன்னாள். சமையல் அன்று மூன்று மணிக்குத்தான் ஆனது.

எழுந்திருக்கும்போது முந்தானையை உதறிக்கொண்டு பழைய குரலுக்கு வந்துவிட்டாள். "அப்பம் இவளுக்கு எம்பேருதான். எனக்கு முன்னால நின்னு பேரச் சொல்லித் திட்டாத. அது ஒண்ணுதான் சொல்லுவேன்."

அப்பாவிடம் நான்தான் சொல்ல வேண்டும். போனில் சொல்கிற விஷயம் இல்லை.

நவம்பர் 8

பேர் விட்டாயிற்று.

அப்பா காலையிலேயே வந்துவிட்டார். சலவை வேட்டி, கையில் பழம். உள்ளறைக்குக் கூட்டிப்போய்ச் சொன்னேன். "அம்மா பேரு போன தடவையே விட்டாச்சுப்பா. பெரியவளுக்கு."

அவருக்குப் புரிய நேரம் எடுத்தது. நான் காத்திருந்தேன். அவர் கட்டில் விளிம்பில் உட்கார்ந்து சுவரில் இருந்த அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்தப் பேரை இந்த வீட்டில் யாரும் கூப்பிடப் போவதில்லை என்பது அவருக்கு உறைத்தது எனக்குத் தெரிந்தது.

கடைசியில், "அப்பம் எனக்கு ரெண்டு பேத்தியா?" என்றார்.

"ஆமாப்பா."

"ரெண்டு" என்று தலையை ஆட்டிக்கொண்டார். துண்டை எடுத்தார், ஆனால் முகத்தை மூடவில்லை. பிறகு பாலாடையைப் பையில் போடப் போனார். "ஆசாரிகிட்டக் கொடுத்து அழிச்சு, சின்னவ பேர வெட்டிக் கொண்டாரேன்."

"அழிக்க வேண்டாம்" என்று அவர் கையில் இருந்து வாங்கிக்கொண்டேன்.

கூடத்தில் பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு அத்தை பேர் சொல்ல வேண்டும். தன் பேரைத் தானே காதில் சொல்ல அவளுக்கு வெட்கம் வந்துவிட்டது. மகன் முகத்தைப் பார்த்தாள், என் முகத்தைப் பார்த்தாள், அப்புறம் குனிந்து மூன்று முறை சொன்னாள். பிரமநாயகி, பிரமநாயகி, பிரமநாயகி. பிரமு. எழுதிவிட்டேன், ஒன்றும் ஆகவில்லை.

பிறகு பிள்ளையை என்னிடம் தந்தார்கள். பாலாடையில் பால் ஊற்றி அவள் உதட்டில் வைத்தேன். வெட்டிய பேர் என் பெருவிரலுக்குக் கீழே சொரசொரவென்று இருந்தது. பிரமு அவசரப்பட்டுக் குடித்துக் கடைவாயில் ஒழுகவிட்டாள். குனிந்து அவள் காதில், எல்லோருக்கும் கேட்கும்படியே சொன்னேன்.

"ஒங்க அக்கா வடிவோடது. சிந்தாமக் குடி."